உரக்கப் பாடாத குரல்

நார்வே நாட்டில் கிறிஸ்தவப் பக்திப் பாடல், தேவாலயங்களில் ஆர்கன் ஒலிக்கச் சபையார் கூடிப் பாடும் பாமாலையாகவும், சிற்றூர்களின் ஜெப வீடுகளிலும் மலைப்பண்ணைகளிலும் தனிக்குரலில் பாடப்பட்ட நாட்டார் மெட்டாகவும் இரு கிளைகளாக வளர்ந்தது. இவ்விரண்டின் சாரத்தையும் தொலைக்காட்சியின் வழியே வீடுதோறும் கொண்டுசேர்த்தவர்களுள் முதலிடத்தில் வைக்கத்தக்கவர், பெர்கன் நகரில் 1969ஆம் ஆண்டு பிறந்து, சிசெல் என்ற ஒற்றைப் பெயராலேயே உலகுக்கு அறிமுகமான சிசெல் ஷீர்ஷெபோ. அவரைக் காஸ்பெல் பாடகி என்று அழைப்பது முழுவதும் பொருந்தாது. காஸ்பெல் என்பது அமெரிக்கக் கறுப்பின மக்களின் திருச்சபைகளில் உருவான நற்செய்தி இசை. முதற்குரல் அழைக்கக் குழு மறுமொழி தருவதும், ஓர் அசையைப் பல சுரங்களில் இழைத்து நீட்டுவதும், பாடுபவரின் உடல் முழுவதும் பரவசத்தில் பங்குகொள்வதும் அதன் உயிர்நிலைகள். அந்த இசை உணர்ச்சியைப் பெருக விடுகிறது. சிசெலின் பாடலோ அதைத் தேக்கி வைக்கிறது. அந்தத் தேக்கத்தில்தான் அவருடைய கலையின் அருமை இருக்கிறது.

இந்த அடக்கம் அவர் தனியாகக் கண்டெடுத்ததன்று. 1814 வரை நார்வே டென்மார்க்கு மன்னரின் ஆட்சியில் இருந்ததால், அங்குப் பாடப்பட்ட பாமாலைகளிற் பல டேனிய மொழியில் எழுந்தவை. அவற்றை எழுதியவர்களுள் உள்ளத்தை மிக அணுக்கமாகத் தொடுபவர் ஹான்ஸ் அடால்ஃப் புரோர்சன் (1694–1764). சடங்கைவிட அகத்தின் உருக்கத்தையே சமயத்தின் மையமாகக் கொண்ட பயட்டிசம் என்னும் பக்தி இயக்கத்தைச் சேர்ந்தவர் அவர். மிஷனரி சீகன்பால்கு 1706இல் டேனிய மன்னரின் ஆதரவோடு தரங்கம்பாடிக்கு வந்து இறங்கியதும் அதே இயக்கத்தின் உந்துதலால்தான் என்பதால், அந்த நார்வேப் பாமாலைகளின் உருக்கம் தமிழ்த் திருச்சபை மரபுக்கும் தொலைவான உறவுடையதே. அப்பாடல்களை மலைப்பகுதி மக்கள் தத்தம் ஊர் மெட்டுகளில், பியானோவின் கட்டைகளுக்கு இடையில் விழும் நுண்சுரங்களோடும் சிறு குழைவுகளோடும் பாடிவந்தார்கள். லுட்விக் மத்தியாஸ் லிண்டெமான் என்னும் ஆர்கன் கலைஞர் 1840களின் இறுதி முதல் ஊர் ஊராகச் சென்று அம்மெட்டுகளைச் சுரக்குறிப்பில் எழுதினார். எழுதியபோது நுண்சுரங்களிற் பல மறைந்தன, ஆயினும் மெட்டுகள் பிழைத்தன. பெர்கன் தந்த பேரிசைஞர் எட்வர்ட் கிரீக், 1906இல் இயற்றிய தம் கடைசிப் படைப்பான நான்கு பாமாலைகளுக்கு அந்தத் தொகுப்பையே நாடினார்.

சிசெல் ஊர்ப்புற மரபில் வந்தவரல்லர்; ஒன்பதாம் வயதில் சேர்ந்த பெர்கன் சிறார் பாடகர் குழுவே அவருடைய இசைப்பள்ளி. பல குரல்களுக்கு நடுவே ஒரு குரலாக ஒலிப்பதற்குத் தேவையான தூய சுரமும், பிறர் குரலைக் கேட்டுக்கொண்டே பாடும் பணிவும் அவரிடம் அங்கேதான் படிந்திருக்க வேண்டும். 1983இல் நார்வே அரசுத் தொலைக்காட்சியின் ‘சிங் மெத் ஒஸ்’ என்னும் கூட்டுப்பாடல் நிகழ்ச்சியில் தோன்றிய அவர், 1986 மே 3 அன்று பெர்கனின் கிரீக் அரங்கில் நடைபெற்ற யூரோவிஷன் பாட்டுப் போட்டியின் இடைவேளை நிகழ்ச்சியில், புல்லாங்குழல் கலைஞர் ஸ்டெய்னார் ஓஃப்ஸ்டாலுடன் இணைந்து, தம் நகரின் பெருமை பேசும் பாடலைப் பாடினார். அப்போது அவருக்கு வயது 16. ஐரோப்பா முழுவதும் ஒரே நேரத்தில் பார்க்கும் போட்டியில், போட்டியிடாத ஒருவர் எல்லோர் நினைவிலும் தங்கியது வியப்புக்குரியது. தொலைக்காட்சிக் கேமரா முகத்தை நெருங்கிக் காட்டுவது. ஒலிவாங்கியோ மூச்சின் அசைவைக்கூடப் பற்றிக்கொள்வது. ஓபரா மேடையின் கடைசி வரிசைக்கும் எட்டவேண்டிய பெருங்குரலுக்கு அந்த நெருக்கம் பகை. சிசெலின் குரலுக்கு அதுவே இயல்பான இருப்பிடம்.

1987இல் வெளிவந்த ‘கிளாடெ யூல்’ என்னும் கிறிஸ்துமஸ் இசைத்தொகுப்பு, அன்று ஏறத்தாழ 42 லட்சம் மக்களே வாழ்ந்த நாட்டில், எல்லாக் காலத்திலும் மிக அதிகமாக விற்ற இசைத்தட்டுகளின் வரிசையில் இடம்பெற்றது. கிறிஸ்து பிறந்த இடத்தை நோக்கி மனம் ஓயாமல் அலைவதைச் சொல்லும் புரோர்சனின் ‘மித் யெர்த்தெ ஆல்டிட் வாங்கெர்’ பாமாலையை அவர் பாடும் முறையைக் கவனித்தால், அந்த வெற்றியின் காரணம் விளம்பரம் அன்று என்பது புலப்படும். சுரத்தைத் தொடும்போது அதிர்வே இல்லாமல் நேர்கோடாகத் தொட்டு, அது நிலைத்த பின்னரே மெல்லிய அதிர்வைச் சேர்க்கிறார்; மெட்டு உச்சத்துக்கு ஏறும்போது பெரும்பாலோர் ஒலியைக் கூட்ட, அவர் குறைக்கிறார். மேற்சுரம் இவ்வாறு மென்மையாக வருவதற்கு மூச்சின் மீது வேண்டிய ஆட்சி, உரக்கப் பாடுவதற்கு வேண்டியதைவிடப் பன்மடங்கு பெரிது. அந்த உழைப்பின் சுவடே கேட்பவர் காதில் விழாதபடி செய்வது அதனினும் பெரிது. சொல்லின் அழகைவிடப் பொருளுக்கு முதலிடம் தருவதால், பாமாலை அவர் வாயில் கச்சேரிப் பாடலாக மாறிவிடாமல், வேண்டுதலாகவே நிற்கிறது.

அவருடைய ஆக்கங்களில் தலைசிறந்தது 1994ஆம் ஆண்டின் ‘இன்னெர்ஸ்ட் ஈ ஷேலென்’. அவ்வாண்டு பிப்ரவரியில் லில்லெஹாமர் குளிர்கால ஒலிம்பிக் தொடக்க விழாவில் ஒலிம்பிக் கீதம் பாடி உலகத் தொலைக்காட்சியை எட்டியவர், அந்தப் புகழைப் பெருவணிக இசைக்குத் திருப்பாமல் நார்வே நாட்டார் மெட்டுகளுக்குத் திரும்பினார். அதிலுள்ள ‘எக் வெய்த் ஈ ஹிம்மெரிக் எய் போர்க்’, ஜெர்மன் மூலத்திலிருந்து வந்து ஹாலிங்டால் பள்ளத்தாக்கின் மெட்டில் பாடப்படும் பழைய பாமாலை. விண்ணகத்தைக் கோட்டையாகக் காணும் அப்பாடலில் அவர் மிகச் சில குழைவுகளை மட்டுமே வைத்துக்கொள்கிறார். நாட்டார் பாடகர்கள் காக்கும் நுண்சுரங்களின் கரடுமுரடு இங்கு இல்லை என்பது உண்மையே. அந்த மரபில் தோய்ந்தவர்களுக்கு இது மெருகிட்ட பாடலாகத் தோன்றலாம். ஆனால் மெருகு மெட்டின் எலும்பை மறைக்கவில்லை. இந்தத் தொகுப்பைக் கேட்ட இசையமைப்பாளர் ஜேம்ஸ் ஹார்னர், 1997இல் வெளிவந்த ‘டைட்டானிக்’ திரைப்படத்தில் சொற்களற்ற குரலிசைக்கு அவரையே அழைத்தார். கோடிக்கணக்கானோர் அப்படத்தில் பெயர் அறியாமல் கேட்ட குரல், பாமாலையிற் பழகிய குரல்தான்.

பின்னாளைய சில பதிவுகளில் முழு வாத்தியக் குழுவின் பெருக்கு அவரைச் சூழ்ந்து, குரலுக்குத் தேவையான வெளியைக் குறைத்துவிடுகிறது. பேரிசைக்கும் மெல்லிசைக்கும் இடைப்பட்ட அவ்வகைத் தொகுப்புகளில் அவர் பலருள் ஒருவராகிவிடுகிறார். இதற்கு மாறாக, 2006 டிசம்பரில் சால்ட் லேக் சிட்டியில் மார்மன் டாபர்நாக்கிள் பாடகர் குழுவுடன் பாடியபோது, முந்நூறுக்கும் மேற்பட்ட குரல்களின் முன் தம் ஒலியைக் கூட்ட அவர் முயலவே இல்லை. பெருங்குழு அடங்கி அவருக்கு வழிவிடுவதைப் பதிவில் தெளிவாகக் கேட்கலாம். சிறார் குழுவில் கற்ற பாடம் அங்கே முழுமையடைகிறது. அந்த நிகழ்ச்சியிலிருந்து உருவான ‘ஸ்பிரிட் ஆஃப் தி சீசன்’ கிராமி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

பாமாலை கேட்பதை முதியோரின் பழக்கம் என்று நார்வே ஒதுக்கிவிடவில்லை. 2014 நவம்பர் இறுதியில், புதிய பாமாலை நூலின் 899 பாடல்களையும் டிரான்ஹெய்ம் நகரத் தேவாலயத்திலிருந்து ஏறத்தாழ 60 மணி நேரம் இடைவிடாமல் அரசுத் தொலைக்காட்சி ஒளிபரப்பிய நாடு அது. அத்தகைய செவிகளுக்காக சிசெல், தமது ஐம்பதாம் வயதையொட்டி 2019இல், வாரம் ஒரு பாடலாக ஐம்பது பாடல்களை ‘ரிஃப்ளெக்‌ஷன்ஸ்’ என்ற வரிசையில் வெளியிடத் தொடங்கினார். இளமையின் பளிங்கு ஒலி அவற்றில் சற்றே மங்கியிருக்கிறது, கீழ்ச்சுரங்கள் கனத்திருக்கின்றன. இம்மாற்றங்களை ஒலிப்பதிவுக் கருவியால் மறைக்காமல் விட்டிருப்பதனால், அவ்வரிசைப் பாடல்களிற் சில 1987ஆம் ஆண்டுப் பதிவுகளைவிட உயர்ந்தவை என்று துணிந்து கூறலாம்.