‘பேப்பர்ஸ், ப்ளீஸ்’: முத்திரை குத்தும் கையை எப்படி ரசிப்பது?

கதை சார்ந்த வீடியோ கேம்களில் ‘தேர்வு’ என்பது, ஆடுபவர் எடுக்கும் முடிவுக்கேற்பக் கதை வேறு கிளையில் திரும்புவதைக் குறிக்கும். பல ஆட்டங்களில் அது நல்லவனாவதா கெட்டவனாவதா என்ற வெளிப்படையான கேள்வியாக வந்து நிற்க, அமெரிக்கரான லூகாஸ் போப் 2013இல் வெளியிட்ட ‘பேப்பர்ஸ், ப்ளீஸ்’ அதை ஒரு குமாஸ்தாவின் மேசைக்கு இறக்கிவிடுகிறது. 1982இல், அர்ஸ்டோட்ஸ்கா என்ற கற்பனை நாட்டின் எல்லைச் சாவடியில், குலுக்கலில் வேலை கிடைத்த பெயரற்ற பரிசோதகராக ஆடுபவர் அமர்ந்து, வருவோரின் கடவுச்சீட்டைச் சரிபார்த்துப் பச்சை முத்திரையோ சிவப்பு முத்திரையோ குத்த வேண்டும்.

ரசிக்கத் தொடங்குபவர் முதலில் கவனிக்க வேண்டியது மேசையின் நெருக்கடி. தாள்கள் ஒன்றையொன்று மறைக்கும் அச்சிறு இடத்தில் கடிகாரம் ஓடிக்கொண்டிருக்க, சரியாகப் பரிசோதித்த ஒவ்வொருவருக்கும் ஐந்து கிரெடிட் கூலி சேர்கிறது. வாடகை, உணவு, குளிருக்குக் கணப்பு, மருந்து எல்லாம் அதிலிருந்தே போக வேண்டும் என்பதால், தாமதித்த ஒவ்வொரு நிமிடமும் பரிசோதகருடைய மகனின் சாப்பாட்டில்தான் கை வைக்கிறது.

ஒரு நாள், தாள்கள் சரியாக உள்ள கணவர் ஒருவர், அடுத்து வரும் தம் மனைவியிடம் இரக்கம் காட்டுமாறு கேட்டுவிட்டு உள்ளே போகிறார். மனைவியிடமோ நுழைவு அனுமதி இல்லை. திருப்பி அனுப்பினால் கொன்றுவிடுவார்கள் என்கிறார். அனுமதித்தால் சற்றுநேரத்தில் அச்சுப்பொறி தடதடத்து ஒரு குற்றச்சீட்டைத் துப்பும். நாளொன்றுக்கு முதல் இரண்டு சீட்டுகள் எச்சரிக்கை மட்டுமே, மூன்றாவதிலிருந்துதான் அபராதம். ஆகவே அப்பெண்ணின் உயிருக்கான விலை, பரிசோதகர் அன்று முன்னதாக எத்தனை முறை கண்ணசந்தார் என்பதைப் பொறுத்ததாகிவிடுகிறது. இந்த ஆட்டத்தின் மிகக் கொடிய நுட்பம் இதுவே எனலாம்.

சமூகம் ஒருவருக்கு ஒதுக்கும் இடத்தில் அவரிடம் எதிர்பார்க்கும் நடத்தையைச் சமூகவியல் ‘வகிபாகம்’ என்கிறது. சாவடிக் கூண்டின் இருபுறமும் அதுவே நடக்கிறது: கடவுச்சீட்டில் உள்ள பாலினம் தோற்றத்தோடு பொருந்தாதவரை ஸ்கேன் செய்து அவர் யார் என்பதை அரசு தீர்மானிக்கிறது, பரிசோதகரோ, முகத்தைப் பார்க்குமுன் காலாவதித் தேதியைத் தேடும் மனிதராகத் தம்மையறியாமல் மாறிவிடுகிறார்.

கதையின் இருபது முடிவுகளையும் திறந்துவிடத் துடிப்பது சேகரிப்பவரின் இன்பம், அதற்கு அவசரமில்லை. மறுமுறை ஆடும்போது முகத்தை முதலிலும் தேதியைப் பிறகும் பார்க்க முயலலாம். கூலி எவ்வளவு குறைந்தது என்பதை அன்றைய மாலைக் கணக்கே காட்டிவிடும்.