ஈழப்போரும் எழுத்தின் சாட்சியமும்

ஸ்ரீவில்லிபுத்தூரைக் களமாகக் கொண்ட பெருங்காவியம் ஒன்று படையெடுப்பின் நடுவே கருக்கொண்டது என்பதை நம் வட்டார வாசகருள் பலர் எண்ணிப் பார்த்திருக்க மாட்டார்கள். விஜயநகரப் பேரரசர் கிருஷ்ணதேவராயர் கலிங்கத்தின்மீது படைநடத்திச் சென்ற காலத்தில், ஸ்ரீகாகுளம் என்னும் ஊரில் திருமாலைக் கனவில் கண்டு, ஆண்டாளின் கதையைத் தெலுங்கில் பாட ஏவப்பட்டார் என்று 'ஆமுக்த மால்யதா' தன் பிறப்பைத் தானே கூறுகிறது. அதனைத் தமிழில் தந்தவர் ராஜபாளையத்து அறிஞர் மு. கு. ஜகந்நாதராஜா. 1989ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி மொழிபெயர்ப்புப் பரிசு அந்நூலுக்குக் கிடைத்தது. போருக்கு நடுவிலிருந்த ஒரு மன்னரால் பூமாலையைப் பற்றிப் பாட முடிந்திருக்கிறது. பகைவன் வேற்று நாட்டான்; களம் எல்லைக்கு அப்பால்; தாய்மொழியும் தலைநகரும் காயம்படாமல் இருந்தன. ஆகவே போர் அக்காவியத்தின் வாயிலில் ஒரு செய்தியாக நின்றுவிடுகிறது.

உள்நாட்டுப் போர் இவ்வாறு வாயிலில் நிற்பதில்லை. அது அடுக்களை வரை வருகிறது. எழுதுகிறவனின் மொழிக்குள்ளேயே நுழைந்துவிடுகிறது. தமிழில் இதனை அறிய நாம் நெடுந்தொலைவு போக வேண்டியதில்லை. 1983 முதல் 2009 வரை இலங்கையில் நடந்த போர் நம் மொழியிலேயே ஒரு தனி இலக்கியத்தை உருவாக்கியிருக்கிறது. அதனைப் பற்றிப் பேசும்போது நம்மவர் பெரும்பாலும் இரண்டு சொற்களோடு நின்றுவிடுகின்றனர்: வீரம், அவலம். இரண்டும் உண்மையே. ஆயினும் அவ்விலக்கியத்தின் உயரம் அவ்விரண்டிலும் இல்லை, தன் பக்கத்தார் செய்த தீங்கைத் தன் பக்கத்தாரிடமே எடுத்துச் சொன்ன எழுத்தில்தான் இருக்கிறது என்பது என் கருத்து.

விவிலியத்தை அறிந்தவர்க்கு இது புதிதன்று. சாமுவேல் இரண்டாம் நூலை ஓர் உள்நாட்டுப் போரின் வரலாறாகவும் படிக்கலாம். அப்சலோம் தந்தைக்கு எதிராகப் படை திரட்டியவன். அவன் மாண்டான் என்ற செய்தி தாவீதின் படைக்கு வெற்றிச் செய்தி. தாவீதுக்கோ மகனின் சாவுச் செய்தி. அரசன் அழுததால் வெற்றி பெற்ற வீரர்கள் தோற்றவர்களைப்போல ஒளிந்து நகருக்குள் நுழைந்தார்கள். அதே நூல் தாவீது உரியாவுக்குச் செய்த கொடுமையையும் மறைக்காமல் வைத்திருக்கிறது. தன் அரசனின் குற்றத்தைத் தன் திருநூலிலேயே எழுதிவைத்த ஒரு மக்களினத்தின் துணிவு அது.

ஈழத்திற்கு வருவோம். 1981 மே 31 இரவு மூண்ட வன்முறையின் தொடர்ச்சியாக யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்களும் ஏட்டுச் சுவடிகளும் சாம்பலாயின. பன்மொழிப் புலவரான கத்தோலிக்கக் குரு தாவீது அடிகளார் அத்தீயைக் கண்ட அதிர்ச்சியில் உயிர்நீத்தார். போர் முறையாகத் தொடங்குமுன்பே நூல்களும் ஒரு நூலறிஞரும் பலியாகிவிட்டதை நினைக்கும்போது, இப்போரின் இலக்கிய வரலாற்றை 1983இல் அல்ல, 1981இல் தொடங்குவதே முறை என்று தோன்றுகிறது.

அந்நிகழ்ச்சியைப் பற்றி எழுந்த கவிதைகளுள் எம். ஏ. நுஃமானின் 'புத்தரின் படுகொலை' தலையாயது. அதன் கற்பனை எளியது: நூலகத்தோடு சுட்டுக் கொல்லப்பட்டுக் கிடப்பவர் புத்தர். கோபத்தில் எழுதும் கவிஞன் எதிரியின் சமயத்தையும் சேர்த்து ஏசிவிடுவது இயல்பு. நுஃமானோ அச்சமயத்தின் முதல்வரையே கொலையுண்டவராகக் காட்டுகிறார். குற்றவாளிகள் தமிழரின் நூல்களை மட்டும் எரிக்கவில்லை, தாம் வணங்குவதாகச் சொல்பவரையும் எரித்தார்கள் என்பது குறிப்பு. வசை ஒன்றுமில்லை, ஆனால் இதைவிடக் கடுமையான குற்றச்சாட்டு வேறில்லை. எரித்தவர்களின் மனச்சான்றை நோக்கியே அக்கவிதை பேசுகிறது.

இதன் தொடர்ச்சியை நம்மில் பலர் சொல்லாமல் விட்டுவிடுகிறோம். நுஃமான் ஒரு முஸ்லிம், கிழக்கிலங்கையைச் சேர்ந்தவர், யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றியவர். 1990 அக்டோபரில் விடுதலைப் புலிகள் வட மாகாணத்து முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேற்றினர். எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் வீடுவாசல் இழந்தனர். யாழ்ப்பாணத்தில் கொடுக்கப்பட்ட அவகாசம் சில மணி நேரமே. தமிழரின் நூலகத்துக்காக மிகச் சிறந்த கவிதையைப் பாடியவரின் சமூகம் அந்நகரிலிருந்து தமிழராலேயே துரத்தப்பட்டது. நூலகத்தீயைப் பாடாத தமிழ்க் கவிஞர் அரிது. இத்துரத்தலைப் பாடியவர்கள் எத்தனை பேர்? ஓர் இலக்கியத்தின் நேர்மையை அளக்க இக்கேள்வி ஒன்றே போதும்.

போர் முதலில் மாற்றியது இலக்கிய வடிவத்தை. கவிதை முன்னே வந்தது, நாவல் பின்னே போனது. 1985இல் வெளிவந்த 'மரணத்துள் வாழ்வோம்' என்ற தொகுப்பில் முப்பத்தொரு கவிஞர்கள் இடம்பெற்றனர், சேரன், அ. யேசுராசா, இ. பத்மநாப ஐயர், மயிலங்கூடலூர் பி. நடராசன் ஆகியோர் அதன் தொகுப்பாசிரியர்கள். மறு ஆண்டிலேயே 'சொல்லாத சேதிகள்' என்ற பெண் கவிஞர் தொகுதி வந்தது. ஒரு தாளில் அடங்குவதை மடித்து எடுத்துக்கொண்டு ஓடலாம். நாவலுக்கு மேசை வேண்டும், விளக்கு வேண்டும், நாளையும் இதே வீட்டில் இருப்போம் என்ற நம்பிக்கை வேண்டும். பொருளாதாரத் தடை நிலவிய ஆண்டுகளில் யாழ்ப்பாணத்து மாணவர்கள் ஜாம் போத்தலில் சிறிது மண்ணெண்ணெய் ஊற்றித் திரியிட்ட விளக்கில் படித்தார்கள்.

அடுத்து மாறியவை சொற்கள். 'இயக்கம்' என்றால் நமக்கு அசைவு. அங்கே அது ஆயுதக் குழு. 'பெடியள்' என்றால் சிறுவர்கள். அங்கே துப்பாக்கி ஏந்தியவர்கள். ஷெல், பங்கர், சென்றி, கிபிர் ஆகியவை குழந்தைகளின் பேச்சில் புழங்கின. இவற்றைவிட என்னை வருத்துவது 'காணாமற் போனவர்' என்ற சொல். கணவனைப் படையினரோ இயக்கத்தாரோ கொண்டுபோய்ப் பல ஆண்டுகள் கழிந்த ஒரு பெண் அவனைப் பற்றிப் பேசும்போது 'அவருக்கு மீன் பிடிக்கும்' என்பாளா, 'பிடித்திருந்தது' என்பாளா? எந்தக் காலத்தில் பேசினாலும் அவளுக்குத் துரோகமாகவே படும். இலக்கணத்தின் வினைமுற்றிலேயே இறங்கிவிட்ட இத்துன்பத்தைச் சங்கப் புறப்பாடல்களின் கையறுநிலையில் காண முடியாது. அங்கே உடல் கிடைத்துவிடுகிறது, நடுகல் நடப்படுகிறது.

சத்திரப்பட்டி வட்டாரத் தறிகளில் மருத்துவத் துணி நெய்யப்படுவதை ராஜபாளையத்தார் நாள்தோறும் காண்கின்றனர். 2009இல் வன்னியின் இறுதி மாதங்களில் தற்காலிக மருத்துவமனைகள் மயக்கமருந்தும் கட்டுத்துணியும் போதாமல் தவித்தன. அந்நாட்களைச் சொல்லும் தமிழ்க்கவியின் 'ஊழிக்காலம்' (2013) போன்ற நூல்களை நம் வட்டாரத்தார் படித்தால், வேறெவரையும்விட ஒரு முழத் துணியின் மதிப்பை அதிகம் உணர்வர்.

இனித் தன் பக்கத்தைக் கேள்வி கேட்டவர்கள். கோவிந்தன் என்ற புனைபெயரில் 1985இல் வெளிவந்த 'புதியதோர் உலகம்' நம் தமிழ்நாட்டு மண்ணில், தஞ்சை மாவட்டத்து ஒரத்தநாட்டுப் பகுதியில் அமைந்த பயிற்சி முகாம்களின் உட்கொலைகளைச் சொன்ன நாவல். ஆசிரியர் அவ்வியக்கத்திலிருந்தே வெளியேறியவர். கலைநயத்தில் குறைகள் உண்டு. பல பக்கங்கள் அறிக்கைபோல் இருக்கின்றன. ஆனால் ஈழத்து இளைஞரைத் தமிழகமே தெய்வமாகப் போற்றிய நாளில், முகாமுக்குள் யார் யாரைப் புதைத்தார்கள் என்று எழுதிய துணிவுக்கு முன் அக்குறைகள் சிறியவை. 'முறிந்த பனை'யின் ஆசிரியர்களுள் ஒருவரான மருத்துவர் ராஜினி திரணகம 1989 செப்டம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். எல்லாத் தரப்பின் கொடுமைகளையும் ஒரே கோலால் அளந்த நூல் அது. கவிஞர் சிவரமணி 1991 மே மாதத்தில் தம் கவிதைகளைத் தீயிட்டுவிட்டுத் தற்கொலை செய்துகொண்டார். கவிஞர் செல்வி அதே ஆண்டு விடுதலைப் புலிகளால் பிடித்துச் செல்லப்பட்டார், திரும்பவில்லை. 1981இல் நூலகத்தை எரித்தவர்கள் வெளியிலிருந்து வந்தார்கள். பத்து ஆண்டுகளில் ஒரு கவிஞரே தம் கவிதைகளை எரிக்கும் நிலை உள்ளேயே உண்டாகிவிட்டது.

ஷோபாசக்தியின் 'கொரில்லா' (2001) இவ்வழியில் வந்த சிறந்த புனைவு. தீவுப்பகுதியில் பிறந்து, இயக்கத்தில் சேர்ந்து, இயக்கத்தாலேயே வதைபட்டு, பிரான்சில் அடைக்கலம் கேட்கும் ரொக்கிராஜ் என்பவனின் கதை. அகதி விண்ணப்பம் ஒன்றோடு நாவல் தொடங்குகிறது. தன்னை நம்பச் சொல்லி அந்நிய அதிகாரியிடம் மன்றாடும் குரலை நாவலின் குரலாக்கியது ஆசிரியரின் மதிநுட்பம். பலர் இந்நாவலை நகைச்சுவைக்காகப் புகழ்கின்றனர். நான் அதன் வெட்கத்துக்காகப் புகழ்வேன். கதாநாயகன் தன்னை மாசற்றவனாகக் காட்டிக்கொள்வதே இல்லை.

போர் விழுங்கிய பொருள்களும் உண்டு. யாழ்ப்பாணத்துச் சாதிக் கொடுமையை 'பஞ்சமர்' (1972) முதலிய நாவல்களில் எழுதிய கே. டானியல் 1986இல் தஞ்சாவூரில் காலமானார். எல்லாரும் ஒரே இனம், இப்போது சாதியைப் பேசாதே என்ற குரல் அடுத்த இருபது ஆண்டுகள் அப்பொருளை ஓரத்துக்குத் தள்ளியது.

பிற நாடுகளிலும் இவ்வாறே. ஸ்பானிய உள்நாட்டுப் போரின்போது மயோர்க்கா தீவில் வாழ்ந்த பிரெஞ்சுக் கத்தோலிக்க நாவலாசிரியர் ஜார்ஜ் பெர்னானோஸ், தொடக்கத்தில் பிராங்கோவின் பக்கம் சாய்ந்தவர். அவர் மகனும் அப்பக்கத்தில் சேர்ந்தவர். பிராங்கோ தரப்பினர் நடத்திய கொலைகளைக் கண்ணால் கண்டபின், அவற்றையும் அவற்றுக்குத் திருச்சபையார் சிலர் தந்த உடன்பாட்டையும் 1938இல் நூலாகவே எழுதினார். அவரைத் தாக்கியோரில் மிகுதியானோர் அவருடைய சொந்த முகாமினர்.

தமிழ்நாட்டு மேடைகளில் 1983க்குப் பின்னும் 2009க்குப் பின்னும் ஈழத்தைப் பற்றிப் பொழியப்பட்ட கவிதைகளை இவற்றோடு வைத்துப் பார்க்கக் கூச்சமாக இருக்கிறது. கைதட்டலுக்கு எழுதியவை அவை. எவரும் அவற்றால் எதையும் இழக்கவில்லை. அவற்றை எள்ளும் உரிமையும் நமக்கு முழுமையாக இல்லை. 1997இல் நம் விருதுநகர் மாவட்டத்தில் ஒரு போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் சூட்டப்பட்டதை ஒட்டிச் சாதிக் கலவரம் மூண்டது. அவ்வாண்டே அரசு எல்லாப் போக்குவரத்துக் கழகங்களிலிருந்தும் மாவட்டங்களிலிருந்தும் தலைவர்களின் பெயர்களை எடுத்துவிட்டது. அந்நாட்களைப் பற்றி ஒருவர் கதை எழுதினால், எழுதியவர் எந்தத் தெரு என்றே நாம் முதலில் கேட்கிறோம். தன் தெரு செய்ததை எழுதிய ஒருவரை நாம் எப்படி நடத்துவோம்?

எரிந்த நூலகம் மீளக் கட்டப்பட்டு 2003இல் திறக்கப்பட்டது. 2005இல் தொடங்கப்பட்ட 'நூலகம்' என்ற மின்னூலகத்தில் ஈழத்துப் பழைய நூல்களும் இதழ்களும் பெருந்தொகையாகக் கட்டணமின்றிப் படிக்கக் கிடைக்கின்றன. கைப்பேசி இருந்தால் போதும். தொடங்குவோர் நுஃமானின் அக்கவிதையை முதலில் படித்துவிட்டு, 'மரணத்துள் வாழ்வோம்' தொகுப்புக்கும், கடையில் விலைக்கு வாங்கியேனும் 'கொரில்லா'வுக்கும் போவது நல்லது. வீரவணக்கப் பாடல்களைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.