பதினேழு தலையடி

அஸருக்கும் மக்ரிபுக்கும் நடுவே கல்முனை சந்தாங்கேணி மைதானத்திலோ, மருதமுனை, நிந்தவூர்க் கடற்கரை மணலிலோ உதைபந்தாட்டம் பார்த்தவர்களுக்குத் தெரியும்: கோர்னர் கிக்கில் வரும் பந்தை எகிறித் தலையால் முட்டிக் கோலாக்குபவனுக்குத்தான் பெரிய ஆரவாரம். கை படக்கூடாத ஆட்டத்தில் உயரத்தில் வரும் பந்துக்குத் தலையை விட்டால் வழியில்லை. அதை எடுத்துவிட்டால் கோர்னருக்குப் பாதி அர்த்தம் போய்விடும். மெச்சில் விழும் நாலைந்து தலையடியோடு எனக்குப் பெரிய சண்டை கிடையாது. சிறுவர்களை வரிசையில் நிறுத்தி, எறிகிற பந்தைத் திரும்பத் திரும்ப முட்டவைக்கும் பயிற்சிதான் வீண் ஆபத்து.

இங்கிலாந்தின் வெஸ்ட் புரோம்விச் அல்பியன் கழகத்து ஜெப் அஸ்ல் தலையடிக்குப் பேர்போனவர். 2002இல் 59 வயதில் இறந்தார். மரண விசாரணை அதிகாரி அதைத் தலையடியால் வந்த தொழில்சார் நோய் மரணம் என்று தீர்ப்பளித்தார். ஒரு மரணத்தை வைத்து முடிவுகட்ட ஏலாதுதான். 2019இல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தினர் ஸ்கொட்லாந்தின் முன்னாள் தொழில்முறை வீரர்கள் 7,676 பேரின் பதிவுகளை ஆராய்ந்தார்கள். மூளைச் சிதைவு நோய்களால் இறப்பது அவர்களிடையே பொதுமக்களைவிட மூன்றரை மடங்கு அதிகம். இதய நோய் மரணமோ குறைவு. விளையாட்டின் நன்மையையும் மறைக்காத ஆய்வு என்பதாலேயே இதை நம்பத் தோன்றுகிறது. 2021இல் வந்த அதன் தொடர்ச்சி இன்னும் கனமானது: பின்கள வீரர்களுக்கு ஆபத்து சுமார் ஐந்து மடங்கு, கோல் காப்பாளர்களுக்கோ ஏறக்குறைய பொதுமக்கள் அளவுதான். ஒரே கழகம், ஒரே மைதானம். பந்தைத் தலையில் வாங்குவதில்தான் பெரிய வித்தியாசம். காரணத்தை இது முற்றாக நிறுவிவிடாது, ஆனாலும் சந்தேகம் எங்கே விழவேண்டும் என்பது தெளிவு.

அந்தக் காலத்துத் தோல் பந்து மழையில் ஊறிக் கனத்தது, இப்போதையது லேசு என்பார்கள். உலர்ந்த பந்தின் எடை அன்றும் இன்றும் கிட்டத்தட்ட ஒன்றே. இன்றைய விதி 410 முதல் 450 கிராம். ஊறாத பந்து வேகமாகவும் வரும். “அவர்கள் சம்பளத்துக்கு ஆடியவர்கள், நாங்கள் பொழுதுபோக்குக்கு” என்பது இதைவிட வலுவான மறுப்பு. நியூயோர்க்கில் 37 அமெச்சூர் வீரர்களை ஸ்கேன் செய்து 2013இல் வெளியான ஆய்வில், ஆண்டுக்கு 885 முதல் 1,550 தலையடிக்கு மேல் போனவர்களின் மூளை வெண்பொருளில் மாற்றம் தெரிந்தது. சிறிய ஆய்வுதான். ஆனால் 885 என்பது வாரத்துக்குப் பதினேழே. வரிசைப் பயிற்சியில் ஒரு பின்னேரமே அதற்குப் போதும்.

சிறுவயதில் பழக்காவிட்டால் பிறகு வராது என்ற பயமும் உண்டு. எகிறும் நேரத்தைக் கணிப்பதுதான் தலையடியின் பாதி வித்தை. அதைப் பலூனை வைத்தும் பழக்கலாம். கழுத்துத் தசை உரம் பெறாத பிள்ளைக்கு ஐந்தாம் இலக்கப் பந்து எதற்கு? அமெரிக்கா 2015இல் பத்து வயதுக்கு உட்பட்டோருக்குத் தலையடியையே தடுத்தது. இங்கிலாந்து 2020இல் ஆரம்பப் பாடசாலை வயதினரின் பயிற்சியிலிருந்து அதை நீக்கியது. நமது கழகங்களும் பன்னிரண்டு வயதுவரை அப்படியே செய்யலாம், ஒரு சதமும் செலவில்லை. பயிற்றுநர்களே, அடுத்த பின்னேரம் ஒரு பிள்ளையை மட்டும் கவனித்து, அவன் எத்தனை தடவை முட்டுகிறான் என்று எண்ணிப் பாருங்கள்.