நீலமும் பச்சையும்

ராயக்கோட்டையில் கரண்ட் போய் வந்ததும், கணினி கேம்களை வாங்கி இறக்கும் ஸ்டீமைத் திறந்து பாருங்கள். பாதியில் நின்ற கேம் விட்ட இடத்திலிருந்தே இறங்கத் தொடங்கும். கோப்புகளைச் சுமார் 1 எம்.பி. துண்டுகளாக வெட்டி அனுப்புவதால், வந்து சேர்ந்த துண்டு வீணாவதில்லை. ஸ்டீமில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் இதுதான்.

டவுன்லோட் பக்கத்தில் நீலம் இணைய வேகம், பச்சைக் கோடு டிஸ்க் வேகம். நீலம் விழுந்து பச்சை மட்டும் ஏறினால் நெட்டைத் திட்ட வேண்டாம். சுருக்கி வந்ததை விரித்து எழுத டிஸ்க் திணறுகிறது என்று அர்த்தம். பழைய ஹார்டு டிஸ்கில் இது அடிக்கடி தெரியும். செட்டிங்ஸில் சென்னை, பெங்களூரு என்று டவுன்லோட் ஊரையும் மாற்றலாம். நமக்குப் பக்கம் பெங்களூருதான் என்றாலும் இரண்டையும் போட்டுப் பார்ப்பது நல்லது.

வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பரில் ஸ்டீமைத் தொடங்கியது. அடுத்த ஆண்டு ஹாஃப்-லைஃப் 2 கேமை டிஸ்க்கில் வாங்கியவர்களுக்கும் ஸ்டீம் கட்டாயமானது. அன்று பலருக்குக் கோபம். 2015-இல் ரூபாயில் விலை வந்தபிறகுதான் நம் பையன்களுக்கு இது நெருக்கமானது.

முதலில் எதை இறக்குவது என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது ‘வெண்பா’. கனடாவில் குடியேறிய தமிழ்க் குடும்பத்தின் கதையைச் சொல்லும் சமையல் கேம், 2023-இல் வந்தது. பெரிய கேம்களைப் போல இரவு முழுக்கக் காத்திருக்க வேண்டாம். இறங்கியதும் இட்லி ஊற்றத் தொடங்கிவிடலாம்.