வாலைப் பாருங்கள்

வானத்தில் வட்டமிடுவதையெல்லாம் கழுகு என்று சொல்லிவிடுவது நம் வழக்கம். சென்னையின் குப்பைமேட்டுக்கு மேலே சுற்றுவது பெரும்பாலும் கரும்பருந்து. நிறத்தை நம்பினால் எதுவும் பிடிபடாது. உச்சிவெயிலில் எல்லாப் பறவையும் கறுப்புதான். வாலைப் பார்க்க வேண்டும். கரும்பருந்தின் வால்நுனி நடுவில் உள்வாங்கிப் பிளந்திருக்கும். காற்றில் திரும்பும்போது சுக்கான் போல அதை ஒருபக்கமாகத் திருகிக்கொள்ளும். அந்தத் திருகலை ஒருமுறை கவனித்துவிட்டால் பைனாகுலர்கூட வேண்டாம். கருடன் என்று கன்னத்தில் போட்டுக்கொள்கிறோமே, அந்தச் செம்பருந்துக்கு வால்நுனி வளைவாக இருக்கும். வெள்ளைத் தலையும் செங்காவி உடலும் வளர்ந்த பறவைக்குத்தான். இளம் பறவை பழுப்பாக இருந்து கரும்பருந்து என்றே ஏமாற்றும். அங்கேயும் வால்தான் காட்டிக்கொடுக்கும்.

வல்லூறு வேறு ரகம். படபடவென நாலைந்து சிறகடி, பிறகு ஒரு வழுக்கல், மறுபடி சிறகடி. தோப்பில் அணில்கள் திடீரெனக் கத்தினால் அண்ணாந்து பாருங்கள்.

எனக்குப் பிடித்தது கருந்தோள் பருந்து. காக்கையைவிடச் சிறியது, சாம்பலும் வெள்ளையுமான உடல், தோளில் கறுப்பு, ரத்தச்சிவப்புக் கண். வயலுக்கு மேலே சிறகடித்தபடி ஒரே இடத்தில் நிற்கும். கால்களைத் தொங்கவிட்டு எலியின் மேல் இறங்கும். அப்படியொரு நிதானம் வேறு எந்தப் பருந்திடமும் நான் கண்டதில்லை.

குளிர்காலத்தில் வலசை வரும் பூனைப்பருந்துகளில் பெண் பறவைகளை இனம் பிரிப்பது தேர்ந்தவர்களுக்கே தலைவலி. அதில் தொடங்காதீர்கள். ஊர்ப்புறத்து மின்கம்பியில் உட்கார்ந்திருக்கும் கருந்தோள் பருந்திலிருந்து தொடங்குங்கள்.