முகமூடி வீரரின் ஆடை நிறம்

படக்கதை வீரர்களின் ஆடை நிறங்களுக்கு உட்பொருள் கற்பிக்கும் வழக்கம் திறனாய்வாளரிடையே உண்டு. சிவப்பு வீரத்தையும் நீலம் நேர்மையையும் குறிக்குமாம். பச்சையும் ஊதாவும் வஞ்சகர்க்கு உரியனவாம். 1938இல் தோன்றிய சூப்பர்மேனுக்கு இது பொருந்தலாம். ஆயினும் நாம் இதை முழுதும் ஏற்பதற்கில்லை. தமிழ்ச் சிறுவர் கொண்டாடிய இரும்புக்கை மாயாவி, 1972இல் முத்து காமிக்ஸின் உள்பக்கங்களில் கறுப்பு வெள்ளையில்தானே வந்தார்? மின்சாரம் பாய்ந்தால் உடலே மறைந்துவிடும் வீரருக்கு எந்நிறத்தால் ஆவதென்ன?

லீ ஃபால்க் 1936இல் படைத்த ஃபேன்டம், ராணி காமிக்ஸ் வாசகர்க்கு முகமூடி வீரர் மாயாவி. ஆசிரியர் மனத்தில் இருந்தது சாம்பல் நிற ஆடை. ‘சாம்பல் ஆவி’ என்று பெயரிடவும் அவர் எண்ணியதுண்டு. 1939இல் ஞாயிறு மலரில் வண்ணம் ஏறியபோது அவ்வாடை ஊதாவாயிற்று. இத்தாலியில் அதே வீரர் சிவப்பு உடுத்தினார், சுவீடனில் நீலம். ஹல்க்கும் 1962 மே மாத முதல் இதழில் சாம்பல் நிறத்தவனே. அச்சில் அந்நிறம் பக்கத்துக்குப் பக்கம் மாறியதால் அடுத்த இதழில் பச்சையனானான். இவற்றுக்கெல்லாம் பின்னாளில் எத்தனை விளக்கங்கள்!

திருப்பூர் வாசகர்க்கு இதில் வியப்பிராது. சாயப்பட்டறையில் உள்ளோரைக் கேட்டால், வெளிர் சாம்பலைப் போல் தொல்லை தரும் நிறம் இல்லையென்பர். பெரும்பாலும் மூன்று சாயங்கள் கலந்து பிறப்பது அது. ஒன்று இம்மி கூடினாலும் பச்சையடிக்கும். இன்னொன்று கூடினால் செம்மை தட்டும். மாதிரித் துண்டில் ஒப்புதலான நிறம் முழுத் துணியில் வேறாகி, மறுபடி சாயமேற்றும் நிலை வரும். அச்சு மையின் இயல்பும் இதுவே.

இங்கே நம்மை உறுத்துவது ஒன்றுண்டு. அமெரிக்க இதழ்களில் கதாசிரியர் பெயரும் ஓவியர் பெயரும் இடம்பெறத் தொடங்கிய பின்னும், வண்ணமிட்டோர் பெயர் அச்சேறுவது நெடுநாள் அரிதாயிருந்தது. மார்வெல் வீரர் பலருக்கு நிறம் வகுத்த ஸ்டான் கோல்ட்பர்க்கை அறிந்தோர் எத்தனை பேர்? நம் ஊரிலும் சட்டையின் கழுத்தில் விற்பவர் பெயர்தான் இருக்கிறது. 2011 ஜனவரியில் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையிட்டபோது, நொய்யலுக்காக நாம் மகிழ்ந்தோம், மகிழ்ந்தது சரியே. ஆனால் விரலிடுக்கில் சாயம் போகாத கைகளோடு மறுவாரம் வேலை கேட்டு வந்தவர்களின் பெயர்களை, அன்றுதான் நாம் முதன்முதலாகக் கேட்டறிந்தோம்.