அச்சம் விற்கும் அங்காடி

ஊர் சுற்றிப் பார்ப்பதை நாம் குறை கூறுவோரல்லர். கிணற்றுத் தவளையாகக் கிடப்பதைக் காட்டிலும், நாலு ஊர் சென்று நாலு மக்களைக் கண்டு வருவது நல்லது. அறிவுக்கு ஆக்கம் தருவது. ஆனால், அழைத்துச் செல்பவர் எதைக் காட்டுகிறார், எதை மறைக்கிறார் என்று கேட்கும் உரிமை நமக்கு உண்டு. காட்டுவதற்குக் கட்டணம் வாங்குகிறார். மறைப்பதற்கும் சேர்த்தே வாங்குகிறார் அல்லவா!

அமெரிக்க நாட்டின் தெற்கே, மிசிசிப்பி ஆற்றங்கரையில், நியூ ஆர்லியன்ஸ் என்றொரு நகரம். 1718-இல் பிரெஞ்சுக்காரர் அமைத்தது. அந்த நகரிலே இன்று சுறுசுறுப்பாக நடைபெறும் வாணிபங்களில் ஒன்று, 'வூடூ' உலா. வழிகாட்டி முன்னே, சீட்டு வாங்கியவர்கள் பின்னே. பழைய தெருக்கள் வழியே நடை. "இந்த வீட்டில் வாழ்ந்தாள் மந்திர அரசி! இந்தத் திடலில் ஆடினாள் பாம்புடன்! இதோ அவள் கல்லறை!" என்று கதை வளர்கிறது. கேட்போர் மயிர்க்கூச்செறிகின்றனர். நடை முடியும் இடத்தில், நல்வாய்ப்பாக, ஒரு கடை! தாயத்து உண்டு, மந்திர எண்ணெய் உண்டு, ஊசி குத்திய பொம்மை உண்டு. அச்சத்தை முதலில் ஊட்டுவது, அச்சம் தீர்க்கும் பொருளைப் பிறகு நீட்டுவது! நம் ஊர் கோடாங்கிக்கும் இந்த வித்தை தெரியும். சீட்டு அச்சடிக்க மட்டுமே அவருக்குத் தெரியவில்லை.

வூடூ என்பது என்ன? ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையில், இன்று பெனின் எனப்படும் நாட்டில் வழங்கும் ஃபோன் மொழியில், 'வோடுன்' என்றால் தெய்வம், ஆவி என்று பொருள். நம் கருப்பனையும் காளியையும் போன்ற தெய்வங்கள், முன்னோர்க்குப் படையல், பறை முழக்கம், அருள் வந்து ஆடுதல். அந்த மண்ணின் மக்கள் விலங்கு பூட்டப்பட்டு, கப்பலின் அடித்தட்டில் சரக்கென அடுக்கப்பட்டு, கரும்புத் தோட்டத்துக்கும் பருத்திக் காட்டுக்கும் விற்கப்பட்டனர். எடுத்துச் செல்ல அவர்கள் கையில் ஏதுமில்லை. நெஞ்சில் இருந்ததை எடுத்துச் சென்றனர். ஆண்டான் அதையும் பறிக்க முற்பட்டான். லூசியானாவில் 1724-இல் பிறந்த 'கருப்புச் சட்டம்', அடிமைகள் அனைவருக்கும் கத்தோலிக்கத் திருமுழுக்கு என்றது. பிற வழிபாடு கூடாது என்றது. பெயர் போயிற்று, மொழி போயிற்று, பெற்ற பிள்ளை சந்தையில் விலை போயிற்று. எஞ்சியது ஒரு பறை, ஒரு பாட்டு, பழைய தெய்வத்தின் பெயர்.

1817-இல் நகர ஆட்சி மற்றோர் ஆணை பிறப்பித்தது. அடிமைகள் ஆடிப்பாடக் கூடுவதென்றால், ஞாயிற்றுக்கிழமையில், குறித்த இடத்தில் மட்டுமே கூடவேண்டுமாம்! அப்படிக் கூடிய திடல்தான் காங்கோ சதுக்கம். ஜாஸ் இசைக்கு வேர் அங்கே என்று அறிஞர் கூறுவர். இந்தத் திடலிலும் உலா வருவோர் நிற்கின்றனர். ஏன் இந்த இடத்தில் மட்டும், ஏன் ஞாயிறன்று மட்டும் என்று கேட்டால் வரலாறு வாய் திறக்கும். பாம்பு எவ்வளவு நீளம் என்று கேட்டால் கதைதான் நீளும்!

மந்திர அரசி என்று சொல்லப்படும் மேரி லவோ, 1801-இல் பிறந்து 1881-இல் மறைந்தவர். அடிமையாகப் பிறவாத கருப்பினப் பெண். தலைமுடி ஒப்பனை செய்து வாழ்ந்தவர் என்பர். அவருடையது என்று காட்டப்படும் கல்லறையில் மூன்று பெருக்கற்குறி இட்டு வேண்டிக்கொண்டால் நினைத்தது நடக்கும் என்று எவரோ கட்டிவிட, சுவரெல்லாம் கிறுக்கல். 2013-இன் இறுதியில் எவரோ ஒருவர் கல்லறை முழுவதற்கும் இளஞ்சிவப்பு வண்ணம் பூசிவிட்டார்! சுரண்டிப் புதுப்பிக்க வேண்டியதாயிற்று. 2015 முதல், உரிமம் பெற்ற வழிகாட்டியுடன் வருவோரையே கல்லறைத் தோட்டத்துக்குள் விடுவது என்று திருச்சபை கட்டுப்பாடு விதித்தது. ஊரார் விருப்பத்தையெல்லாம் நிறைவேற்றும் அரசியால் தம் கல்லறையை ஒரு வண்ணத் தூரிகையிடமிருந்து காத்துக்கொள்ள முடியவில்லை. காவலும் கதவும் தேவைப்பட்டன! உண்டியலுக்குப் பூட்டுப் போடும் நாட்டில் வாழும் நமக்கு இது புதுமையன்று.

இத்துடன் நிறுத்திக்கொண்டால், நாமும் நகைத்துவிட்டு நகர்ந்தவர்களாவோம். நகைப்பு எளிது. வெள்ளை முதலாளி 200 ஆண்டுகளாக அதைத்தான் செய்தான். எதற்காகச் செய்தான் என்பதைப் பகுத்தறிவாளர் ஆராய வேண்டும்.

கரிபியக் கடலில் ஹைட்டி. பிரெஞ்சுக்காரரின் சர்க்கரைக் களஞ்சியம், அடிமைகளின் சுடுகாடு. 1791 ஆகஸ்டில், புவா கைமான் என்னும் காட்டில், அடிமைகள் இரவிலே கூடினர். புக்மன் என்பவர் முன்னின்றார். பன்றியைப் பலியிட்டுச் சூளுரைத்தனர் என்பது வழிவழி வரும் செய்தி. அதனைத் தொடர்ந்து மூண்டது கிளர்ச்சி. நெப்போலியன் அனுப்பிய படையும் தோற்றது. 1804 சனவரி முதல் நாள், அடிமைகள் தாமே போரிட்டு அமைத்த விடுதலை நாடு பிறந்தது!

பலியான பன்றியின் இரத்தமா வெற்றி தந்தது? அன்று. கூடக்கூடாது என்று சட்டம் தடுத்த மக்களுக்குக் கூடுவதற்கு ஒரு சாக்கும், கலங்காமல் நிற்பதற்கு ஓர் உறுதிமொழியும் வழிபாட்டிலே கிடைத்தன. வெற்றி தந்தவை அவர்தம் தோளும் துணிவும். இந்த வேறுபாட்டைச் சொல்லத் தெரியாத நாத்திகம் அரைகுறை. சொல்ல விரும்பாத ஆத்திகம் ஏமாற்று.

அடிமை வென்றதை ஆண்டான் மன்னிக்கவில்லை. 1825-இல் பிரான்சு போர்க்கப்பல்களைக் கொண்டுவந்து நிறுத்தி, இழந்த 'சொத்து'க்கு ஈடாக 15 கோடி பிராங்கு கேட்டது. சொத்து என்றது மனிதர்களையும் சேர்த்து! 1915 முதல் 1934 வரை அமெரிக்கப் படை அந்நாட்டை ஆண்டது. அந்த நாள்களில்தான் நடைப்பிணம், பில்லி, சூனியம் என்று கதைகள் கிளம்பின. 1932-இல் 'ஒயிட் சோம்பி' என்ற படமும் வந்தது. காட்டுமிராண்டிகள் என்று காட்டினால்தானே, கட்டியாள்வது கடமை என்று பேச முடியும்! ஊசிப் பொம்மையோ வூடூ வழிபாட்டின் நடுப்பொருளே அன்று. ஐரோப்பியரின் பழைய சூனியக் கதைகளிலும் அதற்கு வேருண்டு. தன் வீட்டுக் குப்பையை அடிமையின் வாசலில் கொட்டிவிட்டு, மூக்கைப் பிடித்துக்கொண்டான் ஆண்டான்.

ஆக, வூடூ உலாவின் மீது நம் குற்றச்சாட்டு இரண்டு. அடிமைத்தனத்தின் வரலாற்றைப் பேய்க்கதையாகச் சுருக்குகிறது என்பது ஒன்று. பேய்க்கதைக்கு 'மரபு' என்று மரியாதை தேடித் தருகிறது என்பது மற்றொன்று. சங்கிலியின் கதையை உள்ளபடி சொல்லும் வழிகாட்டிகளும் அந்நகரில் உண்டு. அவர்களை நாம் வாழ்த்துகிறோம். அவர்கள் சொல்வதைக் கேட்டுவிட்டு, எவர் பொம்மை வாங்கப் போவார்?

நியூ ஆர்லியன்சுக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்று தோழர்கள் கேட்கக்கூடும். இந்தச் சரக்கு இங்கும் இறங்கிக்கொண்டிருக்கிறது! மரபு நடை என்றும், ஆன்மிகச் சுற்றுலா என்றும், ஆடித் திங்களில் அம்மன் கோயில் உலா என்றும் விளம்பரங்கள் காண்கிறோம். மூடநம்பிக்கை என்று கண்டித்தபோது தலை கவிழ்ந்தது, இன்று பண்பாடு என்று பட்டாடை உடுத்திப் பவனி வருகிறது.

நம் கரிசல் காட்டுக்கே வருவோம். விருதுநகரிலிருந்து சிவகாசி செல்லும் சாலையில் இருப்பது நம் ஆமத்தூர். இந்த வட்டாரத்துக்கு ஓர் உலாக் குழு வருகிறது என்று வைத்துக்கொள்வோம். என்ன காட்டுவார்கள்? விருதுநகர் பங்குனிப் பொங்கலில் அக்கினிச் சட்டி. இருக்கன்குடியில் ஆடி வெள்ளிக் கூட்டம், கண்நோய்க்குக் கண்மலர் காணிக்கை. படம் எடுக்க நல்ல காட்சிகள்! கட்டணம் செரித்துவிடும்.

அந்தப் பாதையிலேயே வேறு சில இடங்களும் உண்டு. கமுதிக்குப் போகட்டும். அங்கே 1897-இல் கோயிலுக்குள் நுழைந்ததற்காக நாடார் மக்கள் மீது வழக்கு. 1908-இல் இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றும், நுழைய உரிமையில்லை என்றே தீர்ப்பு. சிவகாசியில் நிற்கட்டும். கோயில் நுழைவுப் பூசல் முற்றி, 1899-இல் சூறையாடப்பட்ட ஊர் அது. விருதுநகரில் நிற்கட்டும். 1931-இல் சுயமரியாதை மாகாண மாநாடு கூடிய ஊர். மதுரையில் மீனாட்சி கோயில் வாசலில் நிற்கட்டும். 1939 சூலை 8 அன்று, வைத்தியநாத ஐயர் தலைமையில், தாழ்த்தப்பட்ட தோழர்கள் முதன்முதலாக உள்ளே சென்ற வாசல். பெரிய கோயில் கதவடைத்த நாளில், மக்கள் தம் அம்மனைத் தாமே வைத்துக்கொண்டனர். அந்த அம்மன் வாசலில் இன்னொருவர் நிறுத்தப்பட்டாரா என்ற கேள்வியையும் வழிகாட்டி விழுங்கக் கூடாது. அடிபட்டவர் அடிப்பவராக மாறுவதும் வரலாறுதானே!

நெல்லை மலையில் சொரிமுத்து அய்யனார் கோயில். அங்கே பட்டவராயனுக்குச் செருப்பைக் காணிக்கையாகத் தருவர். காணும் வெளிநாட்டார் வியப்பர். சக்கிலியர் குலத்துப் பெண்கள் இருவரை மணந்து, அவர்தம் தொழிலையும் ஏற்ற பார்ப்பன இளைஞன் முத்துப்பட்டன் கதை அது. சாதியை மீறிய காதலைச் சாமியாக்கிக் கும்பிடுவோம். அதே காதலை நம் வீட்டுப் பெண் செய்தால் அரிவாள் எடுப்போம்! செருப்பைக் காட்டும் உலா, இந்த அரிவாளையும் காட்டுமா?

தீயைக் கையில் ஏந்தும் பெண்ணைப் படம் பிடிப்போர், மறுநாள் அவள் எங்கே போகிறாள் என்று பார்ப்பதில்லை. பட்டாசு ஆபீசுக்குப் போகிறாள்! அங்கும் தீதான் அவள் அருகில். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் நேர்ந்த வெடியில் நாற்பது பேர் அளவில் மாண்டனர். அதற்கு முன்னும் வெடித்தது. பின்னும் வெடித்துக்கொண்டே இருக்கிறது. அறைக்கு மீறிய ஆட்கள், அளவுக்கு மீறிய மருந்து, ஒரு சிறு உராய்வு. காரணங்கள் ஒவ்வொரு முறையும் கண்ணெதிரே கிடக்கின்றன. ஆயினும், "அம்மன் சோதித்துவிட்டாள்" என்ற பேச்சு எழுகிறது. உயிருடன் திரும்ப வேண்டும் என்பதற்காகவே அக்கினிச் சட்டி நேர்ந்துகொள்ளும் தாயை நாம் ஏளனம் செய்யோம். ஆலையில் பாதுகாப்பு இருந்தால் அவளுக்கு அந்த நேர்த்திக்கடன் எதற்கு? அவள் பக்தியைப் 'பண்பாடு' என்று பாராட்டிவிட்டுப் போகிறவர், அவள் அச்சத்தின் காரணத்தை அப்படியே விட்டுவிட்டுப் போகிறார். அச்சம் நீங்கினால் அவருக்குக் காட்சி ஏது!

சூனியத்தை வேடிக்கையாக்குவது தீங்கற்றது என்போரும் உளர். மராட்டியத்தில் நரேந்திர தபோல்கர், பில்லி சூனியக் கொடுமைகளுக்கு எதிராகச் சட்டம் கேட்டுப் பல்லாண்டு உழைத்தார். 2013 ஆகஸ்ட் 20 அன்று, காலை நடைக்குச் சென்றவரைச் சுட்டுக் கொன்றனர். அவர் மறைந்த பிறகே சட்டம் வந்தது. வேடிக்கைப் பொருளுக்காக எவரும் துப்பாக்கி எடுப்பதில்லை. பிழைப்பும் ஆதிக்கமும் அதிலே இருக்கின்றன.

ஆகவே உலாவே வேண்டாம் என்கிறோமா? இல்லை. மதுரையில் 2010-இல், யானைமலைக்கு ஆபத்து வந்தபோது பிறந்தது 'பசுமை நடை'. பொதுமக்களைக் குன்றுகளுக்கு அழைத்துச் சென்று, சமணர் படுக்கைகளையும் பழந்தமிழ்க் கல்வெட்டுகளையும் காட்டி, வரலாறு சொல்லியது. அங்கே நடந்தவர்கள் தாயத்து வாங்கித் திரும்பவில்லை. மலையைக் காக்கவேண்டும் என்ற எண்ணத்துடன் திரும்பினர். நடை என்றால் அது!

இளைஞர்களே, உங்கள் ஊரிலும் தொடங்குங்கள் ஒரு நடையை. கோயிலைக் காட்டுங்கள், எவரை உள்ளே விட மறுத்தது என்பதையும் சொல்லுங்கள். கருப்பன் பீடத்தைக் காட்டுங்கள்; கொலையுண்டவன் ஏன் தெய்வமானான் என்பதையும் சொல்லுங்கள். தீச்சட்டியைக் காட்டுங்கள், ஆலையின் கதவையும் காட்டுங்கள். கட்டணம் வேண்டாம்; வருபவர் ஒவ்வொருவரும் ஒரு கேள்வியுடன் வீடு திரும்பட்டும். அந்தக் கேள்வி ஊரெங்கும் பரவும் நாளில், அச்சம் விற்கும் அங்காடி தானாகவே கதவடைக்கும்!